கடனுக்குக் காணியைத் தடுத்து வைக்கலாமா? சட்டம்: வாசகர் கேள்வி பதில்

அறுவடைக் காசு கைக்கு வரும் காலத்தில் கடன் தகராறுக் கடிதங்களும் வரும். இம்முறை வந்தவற்றில் பாதிக்கு மேல் ஒரே விடயம்: தீர்ப்புக்கு முன்னரே எதிராளியின் காணியை நீதிமன்றம் கைப்பற்றி வைப்பது. ஊர் மட்டும் போட்டு, ஒரே மாதிரியான கேள்விகளைச் சேர்த்துப் பதில் தருகிறோம்.

கேள்வி (நெடுங்கேணி): தெரிந்த ஒருவருக்கு அறுவடை இயந்திரம் வாங்க 18 இலட்சம் ரூபா கொடுத்தேன். வாக்குறுதிச் சீட்டில் கையெழுத்து இருக்கிறது. தவணை முடிந்து எட்டு மாதம். ஓமந்தைப் பக்கம் வீதியோரத்தில் அவருக்கு உறுதிக் காணி (நொத்தாரிசு உறுதியில் உள்ள தனியார் காணி) உண்டு. அதை விற்கப் போகிறார் என்று தரகர்கள் சொல்கிறார்கள். வழக்கு முடியும்வரை காணி கைமாறாமல் தடுக்க முடியுமா?

பதில்: முடியும். ஆனால் "கடன் தரவேண்டும், காணி விற்கிறார்" என்ற இரண்டு விடயம் மட்டும் போதாது.

இதற்கான அதிகாரம் இலங்கையின் குடியியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 653 ஆம் பிரிவில் இருக்கிறது. இனிச் சட்டத்தின் பெயர் இல்லாமல் வரும் பிரிவு இலக்கங்கள் எல்லாம் இந்தக் கோவையினுடையவை. வழக்குத் தாக்கல் செய்யும்போதோ, அதன் பின் தீர்ப்புக்கு முன் எப்போதோ வழக்காளி மனுவும் சத்தியக் கடதாசியும் கொடுத்து நீதிபதியைத் திருப்திப்படுத்த வேண்டும். எதிராளி மீது பணக் கோரிக்கைக்குப் போதிய வழக்கு உண்டு என்பது முதலாவது. அந்தப் பணத்துக்குப் போதிய பிணை உங்கள் கையில் இல்லை என்பது அடுத்தது. கடனைக் கொடுக்காமல் தப்பும் நோக்கத்தோடு சொத்தை மோசடியாகக் கைமாற்றுகிறார் என்று நீங்கள் உண்மையாகவே நம்ப வேண்டும். அந்த முடிவுக்கு நீதிபதியும் தானே வரக்கூடிய சம்பவங்களை நீங்கள் முன்வைக்க வேண்டும். மனுக்கள் பெரும்பாலும் விழுவது இந்தக் கடைசி இடத்தில்தான்.

காணி விற்பது குற்றமல்ல. மகளின் கலியாணத்துக்கு விற்கலாம், வைத்தியச் செலவுக்கு விற்கலாம், வேறொரு கடனை அடைக்க விற்கலாம். நியாயமான விலைக்கு, வெளியாளுக்கு, வெளிப்படையாக விற்பவரை மோசடிக்காரர் என்று நீதிமன்றம் எடுத்துக்கொள்ளாது. நீங்கள் தேட வேண்டிய அடையாளங்கள் வேறு. உங்கள் சட்டத்தரணியின் கோரிக்கைக் கடிதம் கிடைத்த பிறகு விற்பனை வேகமெடுத்ததா? வாங்குபவர் மச்சானா, மருமகனா? விலை சந்தை விலையிலும் மிகக் குறைவா? இந்தக் காணி போனால் உங்கள் கடனுக்கு ஈடாக அவரிடம் வேறு எதுவும் மிஞ்சாதா? வேறு காணியையும் வாகனத்தையும் அண்மையில் கைமாற்றினாரா? இவற்றில் இரண்டு மூன்றுக்காவது எழுத்துச் சான்று வேண்டும்.

"தரகர்கள் சொல்கிறார்கள்" என்று மட்டும் சத்தியக் கடதாசியில் எழுதினால் பயனில்லை. எந்தத் தரகர், எந்தத் திகதி, என்ன விலை சொன்னார் என்று எழுதுங்கள். அந்தத் தரகரே தனிச் சத்தியக் கடதாசி தந்தால் இன்னும் நல்லது. நீதிபதி விரும்பினால் உங்களைச் சாட்சிக் கூண்டில் ஏற்றி நேரிலும் விசாரிக்கலாம். கடதாசியில் எழுதியதை வாயாலும் சொல்லத் தயாராகப் போங்கள்.

இனி வேலை ஒழுங்கு. முதலில் காணிப் பதிவகத்தில் தேடுதல் செய்து அந்தக் காணியின் பதிவுச் சாராம்சத்தை எடுங்கள். உரிமையாளர் இன்றைக்கும் அவர்தானா, முழுக் காணியா பிரிபடாத பங்கா, ஏற்கெனவே ஈடு (அடமானம்) இருக்கிறதா என்பது அதில் தெரியும். காணியின் பெயர், எல்லைகள், பரப்பளவு, நில அளவைப் பட இலக்கம், பதிவுப் புத்தகத்தின் தொகுதி, பக்கம் ஆகியவற்றை எழுத்துப் பிசகாமல் மனுவின் அட்டவணையில் சேர்க்க வேண்டும்.

இரண்டாவது, உத்தரவுக்கு முன் 654 ஆம் பிரிவின்படி நீங்கள் ஒரு பிணைமுறி எழுதிக் கொடுக்க வேண்டும். கைப்பற்றல் தவறானது என்று பிறகு முடிவானால் எதிராளிக்கோ காணியை வைத்திருக்கும் வேறொருவருக்கோ ஏற்படும் நட்டத்தையும் செலவையும் தருவேன் என்பது அதன் சாரம். பிணையாளர் வேண்டுமா என்பது நீதிபதியின் விருப்பம். பலர் இதைச் சடங்கு போல நினைத்துக் கையெழுத்து வைக்கிறார்கள். அது சடங்கல்ல, உங்கள் தலையில் விழக்கூடிய பொறுப்பு.

மூன்றாவது, நீதிமன்றம் பிஸ்காலுக்கு, அதாவது நீதிமன்றக் கட்டளைகளை நிறைவேற்றும் அலுவலருக்கு, கட்டளை விடும். எவ்வளவு பெறுமதிக்குக் கைப்பற்ற வேண்டும் என்பது கட்டளையிலேயே இருக்கும். காணி என்றால் பிஸ்கால் வேலி போட்டு ஆளை வெளியேற்றுவதில்லை. காணியை விற்கவோ ஈடுவைக்கவோ கொடுக்கவோ கூடாது, எவரும் அதை வாங்கவும் கூடாது என்ற தடை அறிவித்தலை எதிராளிக்குக் கொடுத்து, காணியிலும் நீதிமன்றத்திலும் ஒட்டுவார். பறையறைந்து அறிவிப்பதும் சட்டத்தில் உண்டு.

நான்காவது படிதான் உயிர்நாடி: அந்த அறிவித்தலைக் காணிப் பதிவகத்தில் பதிய வேண்டும். 238 ஆம் பிரிவின் பாதுகாப்பு, அதாவது கைப்பற்றலுக்குப் பிந்திய விற்பனையும் நன்கொடையும் ஈடும் உங்கள் கோரிக்கைக்கு எதிராகச் செல்லாது என்பது, பதிவுக்குப் பின்தான் கிடைக்கும். பிஸ்கால் காணியில் ஒட்டிய மறுநாள் எதிராளி உறுதி முடித்து, வாங்கியவர் உங்களுக்கு முன் பதிந்துவிட்டால் ஒட்டிய தாள் வேலியிலேயே இருக்கும், காணி போய்விடும். பிஸ்கால் கந்தோரில் பிரதியை வாங்கிய அன்றே பதிவகத்துக்குப் போங்கள். ஏற்கெனவே அந்தக் காணிக்குத் திறந்திருக்கும் பக்கத்திலேயே பதிய வேண்டும். எல்லைகளைப் பிழையாக எழுதியதால் பதிவு வேறு பக்கத்துக்குப் போய்விட்டால், வாங்க வருபவரின் தேடுதலில் அது தென்படாது, உங்களுக்கும் அது பலன் தராது. இந்தப் பதிவு எதுவரை உயிரோடு இருக்கும், எப்போது மறுபதிவு செய்ய வேண்டும் என்பதையும் அங்கேயே கேட்டுச் சட்டத்தரணியின் கோப்பில் குறித்துவிடுங்கள். குடியியல் வழக்கு ஆண்டுக்கணக்கில் நீளும்.

பரப்பளவு எழுதும்போது ஒரு கவனம். பழைய உறுதியில் பரப்புக் கணக்கும் புதிய படத்தில் ஏக்கர், ரூட், பேர்ச் கணக்கும் இருக்கும். 10 பேர்ச் ஒரு பரப்பு, 16 பரப்பு ஒரு ஏக்கர். இரண்டும் பொருந்தாவிட்டால் மனுவுக்கு முன்பே காரணத்தைக் கண்டுபிடியுங்கள்.

உங்கள் சான்று மோசடியைக் காட்டும் அளவுக்கு வலுவில்லை, விற்பனையோ நெருங்குகிறது என்றால் தடைக்கட்டளை வழியையும் சட்டத்தரணியுடன் பேசுங்கள். நீதித்துறைச் சட்டத்தின் (1978 ஆம் ஆண்டின் 2 ஆம் இலக்கம்) 54 ஆம் பிரிவு, வழக்காளியை ஏமாற்றும் நோக்கத்தோடு சொத்தைக் கைமாற்ற எத்தனிப்பவரைத் தடுக்கவும் இடம் தருகிறது. அவசரமானால் எதிராளியைக் கேட்காமலே முதற்கட்டத்தில் 14 நாளுக்கு மேற்படாத தடுப்புக் கட்டளை பெறலாம். அங்கேயும் ஏமாற்றும் நோக்கத்தைக் காட்டத்தான் வேண்டும். தடைக்கட்டளை ஆளைக் கட்டும். மீறினால் நீதிமன்ற அவமதிப்பு. பதிந்த கைப்பற்றலோ காணியையே கட்டும். காசு தேவை என்றால் இரண்டாவதுதான் பெறுமதி.

கடைசியாக உங்கள் சீட்டையே எடுத்துப் பாருங்கள். பணக்கடன் கட்டளைச் சட்டத்தின் (1918 ஆம் ஆண்டின் 2 ஆம் இலக்கம்) 10 ஆம் பிரிவின்படி, கடனுக்கு எழுதும் வாக்குறுதிச் சீட்டில் உண்மையில் கொடுத்த முதல், முன்கூட்டிக் கழித்த வட்டி, ஆண்டு வட்டிவீதம் ஆகிய மூன்றும் தனித்தனியே எழுதப்பட்டிருக்க வேண்டும். வெறும் சீட்டில் கையெழுத்து வாங்கிப் பிறகு தொகை நிரப்புவதும், முதல் மாத வட்டியைக் கழித்துக்கொண்டு முழுத்தொகையை எழுதுவதும் நம் ஊர்களில் வழக்கம். அப்படிப்பட்ட சீட்டு வழக்கின் அத்திவாரத்தையே ஆட்டிவிடும். அத்திவாரம் இல்லாத இடத்தில் கைப்பற்றலுக்கு மனுப் போடுவது பிணைமுறிக் காசை எதிராளிக்கு எழுதிக் கொடுப்பதற்குச் சமம். சீட்டு ஒழுங்காக இருந்தால் 703 ஆம் பிரிவில் தொடங்கும் சுருக்க நடைமுறையில் வழக்கிடலாம். அதில் எதிராளி நீதிமன்ற அனுமதி பெற்றுத்தான் எதிர்வாதம் செய்ய முடியும். எழுத்திலான கடனுக்குக் காலவரையறை 6 ஆண்டு, வாய்மொழிக் கடனுக்கு 3 ஆண்டு.

கேள்வி (முரசுமோட்டை): என்னிடம் 9 இலட்சம் வாங்கியவர் பிணையாகத் தன் பேமிற்றின் (அரச காணி அனுமதிப் பத்திரத்தின்) மூலப் பிரதியைத் தந்திருக்கிறார். இரணைமடுக் குளத்தின் கீழ் இரண்டு ஏக்கர் வயல். அந்தக் காணியைக் கைப்பற்ற முடியுமா?

பதில்: முடியாது. காணி அபிவிருத்திக் கட்டளைச் சட்டத்தின் (1935 ஆம் ஆண்டின் 19 ஆம் இலக்கம்) கீழ் அனுமதிப் பத்திரத்தில் கொடுத்த காணியையும், அதே சட்டத்தின் கீழ் அளிப்புப் பத்திரம் கிடைத்த காணியையும் நீதிமன்றக் கட்டளையில் கைப்பற்றி விற்க அந்தச் சட்டமே இடம் கொடுக்காது. கடனில் மூழ்கிய குடியேற்றவாசியின் நிலம் வட்டிக்காரர் கைக்குப் போகக்கூடாது என்பதற்காகவே அந்தத் தடை. இரணைமடு, முத்தையன்கட்டு, வவுனிக்குளம், பாவற்குளம் என்று வன்னியின் பாசன வயல்களில் பெரும்பகுதி இந்த வகை. ஆகவே இங்கே கைப்பற்றல் பற்றி யோசிப்பவர் கேட்க வேண்டிய முதல் கேள்வி, அது உறுதிக் காணியா பேமிற் காணியா என்பதே.

கையில் இருக்கும் பேமிற்றும் பிணை ஆகாது. பிரதேச செயலாளரின் எழுத்துமூலச் சம்மதம் இல்லாமல் செய்யும் கைமாற்றம் செல்லாது. உறுதிக் காணியாக இருந்தாலும் மூல உறுதியைப் பெட்டியில் பூட்டி வைத்திருப்பது ஈடு அல்ல. 1840 ஆம் ஆண்டின் 7 ஆம் இலக்க மோசடித் தடுப்புக் கட்டளைச் சட்டத்தின்படி காணி மீதான உரித்து நொத்தாரிசு முன், இரண்டு சாட்சிகளோடு எழுதப்பட வேண்டும். வெள்ளைத் தாளில் எழுதி சமாதான நீதவான் முத்திரை குத்தினாலும் அதே கதிதான். அடுத்தவரின் பேமிற்றை வைத்திருப்பதால் உங்களுக்கு இலாபம் எதுவும் இல்லை, முறைப்பாடு வந்தால் தலையிடி மட்டும் உண்டு. பற்றுச்சீட்டு எழுதி வாங்கிக்கொண்டு திருப்பிக் கொடுங்கள்.

பதிலாக அவருடைய மற்றச் சொத்துகளைப் பாருங்கள். உழவு இயந்திரம், லொறி, வங்கி வைப்பு, அறுவடை முடிந்து களஞ்சியத்தில் இருக்கும் நெல், நெல் வாங்கிய முதலாளி அவருக்குத் தரவேண்டிய காசு ஆகியவை கைப்பற்றலுக்குள் வரக்கூடியவை. இதிலும் ஒரு எல்லை உண்டு. கமக்காரனின் பிழைப்புக்கு அவசியம் என்று நீதிமன்றம் கருதும் கமக் கருவிகள், மாடுகள், விதைநெல் ஆகியவற்றை 218 ஆம் பிரிவு விலக்கி வைத்திருக்கிறது.

கேள்வி (முள்ளியவளை, வாசகி): ஐயா, என் கணவர் வியாபாரத்துக்கு வாங்கிய கடனுக்காக வழக்கு நடக்கிறது. போன கிழமை பிஸ்கால் வந்து நாங்கள் இருக்கும் வளவில் அறிவித்தல் ஒட்டிவிட்டுப் போனார். இது என் அப்பா எனக்குச் சீதனமாக எழுதித் தந்த காணி. நான் கடனில் கையெழுத்து வைக்கவில்லை. என்ன செய்ய வேண்டும்?

பதில்: பயப்படாதீர்கள், ஆனால் தாமதிக்கவும் வேண்டாம். தேசவழமைக்கு (வடபகுதித் தமிழரின் வழக்காற்றுச் சட்டத்துக்கு) உட்பட்ட பெண்ணின் சீதனச் சொத்து அவளுடைய தனிச்சொத்து. கணவரின் சொந்தக் கடனுக்கு அது பொறுப்பல்ல. வழக்காளி வேண்டுமென்றே செய்தார் என்றும் நினைக்க வேண்டாம். கணவர் குடியிருக்கும் வளவு கணவருடையது என்று தேடுதல் செய்யாமலே எழுதிக் கொடுப்பது அடிக்கடி நடக்கும் பிழை.

சட்டத்தரணி மூலம் 241 ஆம் பிரிவின் கீழ் உரிமைக் கோரிக்கை கொடுங்கள். தீர்ப்புக்குப் பின் நடக்கும் கைப்பற்றலுக்கு உள்ள அதே விசாரணைதான் இதற்கும். அது சுருக்கமான விசாரணை. கைப்பற்றிய நாளில் காணியில் உங்களுக்கு உரித்தோ ஆட்சியோ இருந்தது என்பதை நீங்கள்தான் காட்ட வேண்டும். சீதன உறுதி, பதிவுச் சாராம்சம், விவாகப் பதிவுச் சான்று, உங்கள் பெயரில் உள்ள ஆதன வரிச் சிட்டை, மின்சாரப் பட்டியல், கிராம அலுவலரின் உறுதிப்படுத்தல் ஆகியவற்றை ஒரே கோப்பில் சேருங்கள். உறுதியில் "மகளுக்கும் மருமகனுக்கும்" என்று இருவர் பெயரும் இருக்கிறதா என்று முதலில் பாருங்கள். இருந்தால் அவருடைய பங்கு கைப்பற்றலில் மாட்டும், உங்கள் பங்கை மட்டுமே மீட்கலாம்.

இடப்பெயர்வில் உறுதி தொலைந்திருந்தால் அதோடு எல்லாம் போய்விடவில்லை. நொத்தாரிசு எழுதும் ஒவ்வொரு உறுதியின் இரண்டாம் பிரதியும் காணிப் பதிவகத்துக்குப் போகும். நொத்தாரிசின் பெயரும் உறுதி இலக்கமும் திகதியும் தெரிந்தால் அதிலிருந்து அத்தாட்சிப்படுத்திய பிரதி கேட்கலாம். இலக்கம் தெரியாவிட்டால் பக்கத்துக் காணிக்காரரின் உறுதியில் எல்லையாக உங்கள் காணி குறிக்கப்பட்டிருக்கும். அந்த நுனியைப் பிடித்துத் தேடலாம்.

கோரிக்கை தள்ளப்பட்டால் 247 ஆம் பிரிவின் கீழ் உரித்தை நிலைநாட்டத் தனி வழக்கிட உங்களுக்கு 14 நாள் மட்டுமே உண்டு. உத்தரவின் திகதியிலிருந்து எண்ண வேண்டும், பிரதி கைக்கு வந்த நாளிலிருந்து அல்ல. நல்ல உரித்து வைத்திருந்தும் காணி இழந்தவர்களில் பலர் இந்த 14 நாளைத் தவறவிட்டவர்கள்.

கேள்வி (செட்டிகுளம்): 7 இலட்சம் ரூபாத் தகராறு ஒன்றுக்கு என் ஆறு ஏக்கர் உறுதிக் காணி முழுவதும் கைப்பற்றப்பட்டிருக்கிறது. காலபோகம் விதைக்கலாமா? வங்கியில் பயிர்க்கடன் எடுக்கலாமா? இதிலிருந்து வெளியே வர வழி உண்டா?

பதில்: விதைக்கலாம், அறுக்கலாம். அறிவித்தல் தடுப்பது கைமாற்றத்தையும் ஈடுவைத்தலையும்தான். காணியை ஈடுவைத்துக் கடன் எடுக்க முடியாது. காணி ஈடு கேட்காத பயிர்க்கடனுக்கு இது தடையல்ல.

வெளியே வர மூன்று கதவுகள். வழக்குத் தொகைக்கு வேறு பிணை கொடுத்தால், அதாவது காசு வைப்பு, வங்கி உத்தரவாதம் அல்லது நீதிமன்றம் ஏற்கும் பிணையாளர், காணியை விடுவிக்கக் கேட்கலாம். இது விரைவானது. அடுத்தது, நீங்கள் எதையும் மோசடியாகக் கைமாற்றவில்லை என்று காட்டிக் கட்டளையையே நீக்கக் கேட்பது. விற்க முயன்றிருந்தால் என்ன தேவைக்கு, என்ன விலைக்கு, யாருக்கு என்பதற்கான கடதாசிகளும் உங்களிடம் மிஞ்சியிருக்கும் சொத்துகளின் பட்டியலும் வேண்டும். மூன்றாவது, அளவைக் குறைக்கக் கேட்பது. கட்டளையில் பெறுமதி குறிக்கப்பட்டிருக்கும். 7 இலட்சத்துக்கு ஒரு ஏக்கரே போதும் என்றால் மதிப்பீட்டாளரின் அறிக்கையோடு மிச்சம் ஐந்து ஏக்கரையும் விடுவிக்கக் கேளுங்கள். பாதையோரத் துண்டை விட்டு உள்காணியைப் பிணையாகக் காட்ட நினைக்க வேண்டாம். மதிப்பீட்டில் அது உடனே தெரிந்துவிடும்.

இடையில் ஏற்படும் நட்டத்தைத் திகதியோடு குறித்து வாருங்கள். திருப்பிக் கொடுத்த முற்பணம், வங்கி மறுத்த கடிதம் எல்லாம் பிறகு வழக்காளியின் பிணைமுறிக்கு எதிராக உதவும்.

கேள்வி (மாங்குளம்): வழக்குப் போடுவதற்கு முன்பே அவர் காணியைத் தம்பிக்கு நன்கொடையாக எழுதிவிட்டார். இனிக் கைப்பற்றலாமா?

பதில்: இன்னொருவர் பெயருக்குப் போன காணியை உங்கள் எதிராளியின் காணி என்று கைப்பற்றினால் தம்பி கோரிக்கை கொடுத்து விடுவித்துவிடுவார். நீங்கள் அந்த உறுதியை நீக்கக் கேட்டு வழக்கிட வேண்டும். உரோமன் டச்சுச் சட்டத்திலிருந்து வந்த இதைப் பவுலியன் வழக்கு என்பார்கள். உறுதி எழுதும்போதே உங்கள் கடன் இருந்தது, கடன் கொடுத்தவரை ஏமாற்றும் நோக்கத்தோடு எழுதப்பட்டது, அதனால் கடனைத் தீர்க்க அவரிடம் போதிய சொத்து மிஞ்சவில்லை என்று காட்ட வேண்டும். நன்கொடை என்றால் வாங்கியவருக்கு விடயம் தெரியும் என்று நிரூபிக்கத் தேவையில்லை. காசு கொடுத்து வாங்கியவர் என்றால் அவருக்கும் மோசடியில் பங்கு இருந்தது என்று காட்ட வேண்டும், அது கடினம். இது காணி பற்றிய வழக்கு என்பதால் வழக்கு நிலுவை அறிவித்தலை (இந்தக் காணி பற்றி வழக்கு நடக்கிறது என்ற அறிவித்தலை) உடனே காணிப் பதிவகத்தில் பதியுங்கள். இல்லாவிட்டால் தம்பி மூன்றாம் ஆளுக்கு விற்றுவிடுவார். வெறும் கடன் வழக்குக்கு அந்த அறிவித்தல் பொருந்தாது. இதையும் கைப்பற்றல் அறிவித்தலையும் பலர் குழப்பிக்கொள்கிறார்கள்.

கேள்வி (பரந்தன்): நான் முதலில் கைப்பற்றிப் பதிந்துவிட்டால் அவருக்குக் கடன் கொடுத்த மற்றவர்களை முந்திவிட்டேன் என்று அர்த்தமா?

பதில்: இல்லை. தீர்ப்புக்கு முன்னான கைப்பற்றல் ஈடு ஆகாது. அதற்கு முன்பே பதிந்த வங்கி ஈடு முன்னால் நிற்கும். எதிராளிக்கு எதிராக ஏற்கெனவே தீர்ப்பு வைத்திருப்பவர் அதே காணியை விற்கக் கேட்பதையும் தடுக்க முடியாது. விற்பனைக் காசு நீதிமன்றத்துக்கு வருமுன் நிறைவேற்றலுக்கு விண்ணப்பித்த மற்றவர்கள் 352 ஆம் பிரிவின் கீழ் பங்கு கேட்கவும் கூடும். உங்களுக்குக் கிடைப்பது, வழக்கு முடியும்போது காணி அங்கே இருக்கும் என்பதும், தீர்ப்புக்குப் பின் அதை மறுபடி கைப்பற்றத் தேவையில்லை என்பதும். நிறைவேற்றுக் கட்டளைக்கு விண்ணப்பித்தால் போதும். தீர்ப்பை வாங்கி மேசையில் வைத்திருக்கவும் கூடாது. 337 ஆம் பிரிவின்படி 10 ஆண்டு கடந்தால் அதை நிறைவேற்ற விண்ணப்பிக்க முடியாது.

கேள்வி (மல்லாவி): காணி வாங்கப் போகிறேன். இப்படியான தடை இருக்கிறதா என்று எப்படி அறிவது?

பதில்: விற்பவர் காட்டும் பழைய சாராம்சத்தை நம்பாதீர்கள். முற்பணம் கொடுக்குமுன் ஒரு தேடுதல், உறுதி முடிக்கும் நாள் காலையில் இன்னொன்று. பக்கத்தின் கடைசி வரி வரைக்கும் வாசிக்கச் சொல்லுங்கள். காணி துண்டாக்கப்பட்டிருந்தால் தாய்க் காணியின் பக்கத்தையும் பாருங்கள், கைப்பற்றல் அங்கே பதியப்பட்டிருக்கலாம். நேரில் போய்ப் படலையில் ஏதும் ஒட்டியிருக்கிறதா என்று பார்த்து, பக்கத்து வளவுக்காரரிடம் பிஸ்கால் வந்தாரா என்று கேளுங்கள். உறுதி முடிந்ததும் அன்றே பதிவுக்குக் கொடுக்க நொத்தாரிசிடம் சொல்லுங்கள். பதிவுப் பற்றுச்சீட்டைக் கையில் வாங்கும்வரை மிச்சக் காசில் ஒரு பகுதியை நிறுத்தி வைக்க விற்பவர் சம்மதித்தால் அதையும் எழுத்தில் போடுங்கள்.